டப்பாவில் இருந்தது ஐந்தா, ஆறா

எழுபதைத் தாண்டியவர்களுக்காக மட்டுமே இதை எழுதுகிறேன். மற்றவர்கள் படிப்பதில் எனக்கு ஆட்சேபம் இல்லை. ஆனால் இனாமல் தட்டு என்றால் என்ன, ஊசியை ஏன் வெந்நீரில் கொதிக்க வைத்தார்கள் என்று நடுவில் நிறுத்திக் கேட்கக்கூடாது. அதற்கெல்லாம் எனக்குப் பொறுமை போய்விட்டது. காலையில் ஆறு மாத்திரை, இரவில் நான்கு. ஒன்று குறைவதுபோல் தோன்றினாலும் எல்லாவற்றையும் படுக்கையில் கொட்டி மறுபடி எண்ணுவேன். எண்ணாமல் என்னால் இருக்க முடியாது. மாடிப்படி, பேருந்தின் ஜன்னல்கள், எதிரில் பேசுகிறவரின் சட்டைப் பொத்தான். இந்தப் பழக்கம் எங்கே தொடங்கியது என்று யோசித்தால் குற்றாலத்தில் ஒரு சாரல் காலத்தில் போய் நிற்கிறது.

அப்போது நான் எட்டாம் வகுப்பு. தென்காசியில் வீடு, பெரிய கோயில் கோபுரம் மொட்டையாக, இரண்டாகப் பிளந்து நின்ற காலம், உங்களுக்கு நினைவிருக்கும். அப்பா அரிசி மண்டி வைத்திருந்தார். பள்ளிக்கூடம் திறக்கிற சமயத்தில் எனக்குச் சாயங்காலம் தோறும் காய்ச்சல் வந்தது. கழுத்தில் நெறி கட்டியது. எக்ஸ்ரே எடுத்துப் பார்த்துவிட்டு ‘பிரைமரி காம்ப்ளெக்ஸ்’ என்றார்கள். குழந்தைகளுக்கு வருகிற காசநோய். அந்தத் தமிழ்ச் சொல்லை எங்கள் வீட்டில் ஒருவரும் உச்சரிக்கவில்லை.

அம்மாவுக்கு அது நிறைமாதம். ஊசி போட வந்த கம்பவுண்டர் சைக்கிளில் ஏறிக்கொண்டே, “பயலத் தள்ளியே வச்சிக்கிடுங்க, அண்ணாச்சி” என்று சொல்லிவிட்டுப் போனார். டாக்டரும் அப்படித்தான் சொன்னாரா என்று யாரும் போய்க் கேட்கவில்லை. மூன்றாம் நாள் என்னைக் குற்றாலத்துக்குக் கொண்டுபோனார்கள். கூட வந்தது எங்கள் வீட்டோடு இருந்த அத்தை, அப்பாவின் அக்கா. மலைக்காற்று நுரையீரலுக்கு நல்லது என்று சொல்லிக்கொண்டார்கள்.

நாங்கள் தங்கியது ஐந்தருவி போகும் சாலையை விட்டு மேலே ஏறி இருந்த ஒரு பழைய பங்களா. விலங்கியல் பேராசிரியராக இருந்து காலமான ஒருவருடையது. அவருடைய பிள்ளைகள் வடக்கே இருந்தார்கள். வீட்டைப் பார்த்துக்கொள்ள ஒரு காவல்காரர். அவர் குடும்பத்தோடு பின்பக்கம் குடிசையில் இருந்தார். அப்பா அவருக்கு மண்டியிலிருந்து அரிசி கொடுப்பார் என்பதால் எங்களுக்கு இடம் கிடைத்தது.

வராந்தாவின் ஒரு கோடியில் எனக்குக் கட்டில். எனக்கென்று ஓர் இனாமல் தட்டு, ஓர் அலுமினிய டம்ளர். தரையில் சதுரக் கற்கள் பாவியிருந்தன. கட்டிலிலிருந்து பதினோராவது கல்லில் அத்தை செங்கல் துண்டால் குறுக்கே ஒரு கோடு கிழித்தாள். அவள் அதற்கு அப்பால், நான் இப்பால். சாப்பாட்டைக் கோட்டின் மேல் வைத்துவிட்டுப் பின்னால் போவாள். அதன் பிறகு நான் போய் எடுத்துக்கொள்ள வேண்டும். சாரல் வராந்தாவுக்குள் அடித்துக் கோட்டை அழித்துவிடும். மறுநாள் காலை அவள் மறுபடி கிழிப்பாள். எப்போதும் ஒரே இடத்தில் விழாது. ராத்திரி நான் அதிகமாக இருமினால் பன்னிரண்டாவது கல். நல்லபடியாகத் தூங்கினால் பத்து. ஒரே ஒரு நாள் ஒன்பது. அன்று நாள் முழுக்க எனக்குக் கல்யாண வீட்டில் இருப்பதுபோல் இருந்தது.

அத்தை கெட்டவள் இல்லை. முட்டையை என் கண்முன்னால் உடைத்து, பாலில் கலந்து, “குடிச்சிரு ராசா, கண்ண மூடிக்கிட்டுக் குடிச்சிரு” என்று அங்கிருந்தே கெஞ்சுவாள். அவளுக்கும் இருமல் உண்டு. “ஈர வெறகு, புகை அண்டிட்டு” என்பாள்.

சீசனில் குற்றாலம் எப்படி இருக்கும் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டாம். தலையில் எண்ணெய் வழிய ஏறிப் போகிறவர்கள், துண்டைப் போர்த்துக்கொண்டு நடுங்கியபடி இறங்குகிறவர்கள். அவர்கள் சிரிப்பும் சண்டையும் எனக்குக் கேட்கும். அருவிச் சத்தமும் இரவும் பகலும் கேட்கும். அந்த இரண்டரை மாதத்தில் ஒரு நாள்கூட என் தலையில் அருவித் தண்ணீர் படவில்லை. என்னிடம் பேசியவர்கள் கேட்டது ஒன்றே ஒன்று: மருந்து குடித்தாயா?

என் பக்கத்தில், கோட்டுக்கு இந்தப்புறம், ஒரு கண்ணாடி அலமாரி இருந்தது. நகர்த்த முடியாத கனம். அதனால் அது எனக்கு வாய்த்தது. உள்ளே இந்த நாட்டு விலங்குகளைப் பற்றிய ஆங்கிலத் தொகுதிகள். பச்சை அட்டை, முதுகில் பொன் எழுத்து. பறவைகள், மீன்கள், நத்தைகள், வண்டுகள், ஊர்வன என்று வரிசையாக இருபத்திரண்டு. எண்ணின்படி இருபத்து மூன்று இருக்க வேண்டும். ஒன்பதாவது இல்லை. இன்றைக்கும் அது எந்த விலங்கின் தொகுதியாக இருந்திருக்கும் என்று எனக்கு உறுத்தல் உண்டு.

என் ஆங்கிலம் அந்தப் புத்தகங்களுக்குப் போதாது. பக்கத்தில் ஓர் அகராதி இருந்தது; தவிர, எண்களுக்கு மொழி தேவையில்லை. ஒவ்வொரு தொகுதியிலும் கண்டுபிடிப்பதற்கு ஒரு வழிமுறை இருந்தது. கேள்விகள் ஜோடி ஜோடியாக வரும். விரல் நுனி அகன்றிருக்கிறதா? ஆம் என்றால் இரண்டுக்குப் போ. இல்லை என்றால் ஏழுக்குப் போ. முதுகில் மருக்கள் உண்டா? பதினொன்றுக்குப் போ. இப்படிப் போய்ப் போய்க் கடைசியில் ஒரு பெயரில் முட்டி நிற்போம். அந்தப் பெயர்தான் கையிலிருக்கும் பிராணி. கேள்விக்கு மேல் கேள்வியாக அந்த வீட்டில் என்னைக் கேட்டுக்கொண்டே இருந்தது அந்தப் புத்தகம் மட்டும்தான்.

முதலில் சுவர்ப்பல்லி. பிறகு வராந்தாத் தூணில் ஒட்டியிருந்த நத்தை. பிறகு எனக்குப் பிராணிகள் தீர்ந்துபோயின. அப்போதுதான் காவல்காரரின் மகள் வந்தாள்.

என் வயதுதான் இருக்கும், அல்லது ஒன்று கூட. விறகு பொறுக்கி வந்து பின்சுவரின் மேல் உட்கார்ந்திருப்பாள். அவளுக்கும் உத்தரவு இருந்தது, என் பக்கத்தில் வரக்கூடாதென்று. ஆனால் தூரத்திலிருந்து கத்துவதற்குத் தடை ஏதும் இல்லை.

“ஏலே சீக்காளி, அந்தப் பல்லிய என்னத்தலே எண்ணுத?”

“வெரலுக்கு அடியில வரி இருக்கு. அத எண்ணணும்.”

“எண்ணி?”

“எண்ணுனா பேரு தெரியும்.”

“பல்லிக்குப் பேரு பல்லி. இதுக்கு எண்ணணுமாக்கும்!”

நான் அந்த லத்தீன் பெயரை எழுத்துக்கூட்டிச் சத்தமாகப் படித்தேன். அவள் சுவரிலிருந்து விழுகிற மாதிரிச் சிரித்தாள். “எங்க அய்யா பேரு, தாத்தா பேரு ரெண்டையும் சேத்தாலும் இம்புட்டு நீளம் வராது லே. அது சுவத்துல ஒட்டிக்கிட்டுக் கெடக்கு, அதுக்கு இவ்வளவு பெரிய பேரு.”

மறுநாள் கோட்டின் மேல் ஒரு தேங்காய்ச் சிரட்டை கவிழ்ந்திருந்தது. உள்ளே ஒரு தவளை. அதன் பிறகு தினமும் ஒரு சிரட்டை. நண்டு, மரவட்டை, பச்சைப்புழு. அத்தை அடுக்களையில் இருக்கும் நேரம் பார்த்து ஓடிவந்து வைத்துவிட்டு ஓடிவிடுவாள். நான் பேரைக் கண்டுபிடித்துச் சுவரைப் பார்த்துக் கத்துவேன். பேர் சின்னதாக இருந்தால் அவளுக்குப் பிடிக்காது. “போலே, ஏமாத்துத. இன்னும் நல்லாத் தேடு” என்பாள்.

ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பா பஸ்ஸில் வருவார். கோட்டுக்கு அந்தப்பக்கம் நாற்காலி போட்டுக்கொண்டு உட்கார்வார். வந்த முதல் மாதத்திலேயே தங்கை பிறந்துவிட்டாள் என்ற செய்தி வந்தது. “எம்புட்டுப் பெருசுப்பா இருக்கா?” என்று கேட்டேன். அப்பா கைகளை விரித்துக் காட்டினார். முதலில் ஓர் அளவு, சந்தேகம் வந்து அதைக் குறைத்து இன்னோர் அளவு. எனக்கு அழுகை வந்துவிட்டது. சரியான அளவு வேண்டும் என்று அழுதேன்.

அடுத்த ஞாயிறு அம்மா ஒரு நூல் கொடுத்தனுப்பியிருந்தாள். குழந்தையைப் படுக்க வைத்து உச்சி முதல் குதிகால் வரை பிடித்து அறுத்த வெள்ளை நூல். அதைத் தலையணையில் நீட்டி வைத்துப் பார்த்தேன். அதற்கடுத்த வாரம் இன்னொரு நூல், ஒரு விரல்கடை கூடுதல். இப்படி ஆறு நூல்கள் வந்தன. என் தங்கையை நான் முதலில் அறிந்தது நூலாகத்தான்.

“அம்மா எப்பம்பா வருவா?”

“அடுத்த வாரம் பாப்பம்லே.”

ஆறு வாரமும் அதே பதில். ‘பாப்பம்’ என்று சொல்லும்போது அவர் என்னைப் பார்க்கமாட்டார், தரைக்கல்லைப் பார்ப்பார்.

ஆடிக் கடைசியில் ஒரு பெருமழை. சாலையோரத்து மண்திட்டு சரிந்தது. மழை விட்ட பிறகு காவல்காரரின் மகள் சிரட்டை எடுத்துவராமல் பெரிய பிஸ்கட் டப்பா ஒன்றை இரண்டு கையாலும் நீட்டிப் பிடித்தபடி, முகத்தைத் திருப்பிக்கொண்டு வந்தாள். கோட்டில் வைத்தாள். பாய்ந்து ஓடிப்போய்ச் சுவரில் ஏறிக்கொண்டாள்.

“ரெண்டு தலைப் பாம்பு லே! சரிஞ்ச மண்ணுல கெடந்துச்சு. குச்சியால தள்ளி ஏத்துனேன். எனக்கு இன்னும் கை நடுங்குது.”

ஒன்றரைச் சாண் நீளம். சுண்டுவிரல் கனம். கறுப்பு என்றுதான் முதலில் நினைத்தேன். வெளிச்சத்தில் பிடித்தால் நீலமும் ஊதாவும் ஓடியது. கூரிய சின்னத் தலை. வால் மட்டும் அரிவாளால் சரித்து வெட்டிவிட்டது போல் மொட்டையாக, அந்த வெட்டின் மேல் சொரசொரப்பாக ஒரு தட்டு. அது கடிக்கவில்லை, சீறவில்லை. என் பென்சிலைச் சுற்றிக்கொண்டு தலையை என் உள்ளங்கைக்குள் புதைக்கப் பார்த்தது. இரண்டு மாதமாக என்னை யாரும் தொட்டிருக்கவில்லை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. இரண்டு நாளுக்கு ஒருமுறை சைக்கிளில் மேலே ஏறி வந்த கம்பவுண்டரின் ஊசியைக் கணக்கில் சேர்க்கவில்லை.

ஊர்வனவற்றின் மூன்றாம் தொகுதி. வாலில் கேடயம் கொண்ட, மண்ணுக்குள் வாழும் பாம்புகள், விஷமில்லாதவை, இந்த மலைகளை விட்டு வேறெங்கும் அதிகம் இல்லாதவை. அலமாரியிலிருந்த பூதக்கண்ணாடியை வைத்துக்கொண்டு இரண்டு நாள் எண்ணினேன். உடலின் நடுவில் செதில் வரிசை பதினேழு. வயிற்றுச் செதில் நூற்று நாற்பத்து நான்கு. மூன்று முறை எண்ணி மூன்று முறையும் அதுவே வந்தது. கேள்விகள் என்னை இழுத்துக்கொண்டுபோய் ஒரு பெயரில் நிறுத்தின. அந்தப் பெயரின் கீழ் நான்கு வரிதான் இருந்தது. மற்றதற்கெல்லாம் அரைப்பக்கம், ஒரு பக்கம். இதற்கு நான்கு வரி. அகராதியை வைத்துக்கொண்டு அதைத் தமிழாக்கினேன். குற்றாலத்து மலையடிவாரம். ஓர் ஆண். ஒன்றே ஒன்று. வேறு அறியப்படவில்லை.

நான் என்ன நினைத்தேன் என்று சொன்னால் நீங்கள் சிரிப்பீர்கள். உலகத்திலேயே அது ஒன்றுதான் இருக்கிறது, இந்த மலையில் எங்கோ தனியாக அலைகிறது என்று நினைத்தேன். பிடித்ததைச் சாராயச் சீசாவில் போட்டு, சீட்டு ஒட்டி, கடல் கடந்து ஓர் அருங்காட்சியகத்தில் வைத்துவிட்டு, அந்தச் சீசாவைப் பார்த்துத்தான் இப்படி எழுதுவார்கள் என்று எனக்கு யார் சொல்வது? அந்த ஆண் நான் பிறப்பதற்கு வெகு காலம் முன்பே சீசாவுக்குப் போய்விட்டது.

என் கையிலிருந்தது பெண். ஆணுக்கு வாலடியில் செதில் அதிகம், பெண்ணுக்குக் குறைவு என்று முன்னுரையில் இருந்தது. புத்தகத்து ஆணுக்குப் பத்து, இதற்கு ஆறு. சுவரைப் பார்த்துக் கத்தினேன்.

“ஏட்டி, இது பொம்பளப் பாம்பு! புஸ்தகத்துல ஒரே ஒரு ஆம்பளைதான் இருக்கு. அது இங்கனதான் எங்கயோ கெடக்கு!”

“அப்ப சோடி சேத்து வச்சிருவமா?”

“தேடிக் கண்டுபிடி. கண்டுபிடிச்சா ரெண்டையும் சேத்து விட்டுருவோம்.”

“நான் தேடுதேன், நீ கட்டில்ல உக்காந்து எண்ணு. நல்லாருக்குலே ஞாயம்.”

ஆனாலும் தேடினாள். சரிந்த மண்ணையெல்லாம் குச்சியால் கிளறினாள். மண்புழு கிடைக்கும், அதைச் சிரட்டையில் போட்டு வைப்பாள். நான் டப்பாவில் ஈரமண் நிரப்பி, பாம்பைக் கட்டிலுக்கடியில் வைத்துக்கொண்டேன். ராத்திரி கையைத் தொங்கவிட்டுத் தகரத்தைத் தொட்டுக்கொண்டே தூங்குவேன். நூலை வைத்து அளந்தேன். தங்கையின் முதல் நூலில் பாதிக்குக் கொஞ்சம் மேலே வந்தது.

நூல் வரத் தொடங்கி ஏழாவது ஞாயிறு. விடிந்ததும் டப்பாவைத் திறந்தால் மண்ணின் மேல் பெரியது சுருண்டு கிடந்தது. அதன் ஓரத்தில் ஈரமாக ஏதோ நெளிந்தது. குட்டிகள். முட்டை இல்லை, தோல் இல்லை, குட்டியாகவே போட்டிருந்தது. தீக்குச்சிக் கனம். ஒவ்வொன்றின் வாலிலும் அதே சரிந்த வெட்டு. நான்கு. பெரியதோடு ஐந்து.

அப்படியானால் ஆண் எங்கோ இருந்திருக்கிறது. ஒன்றே ஒன்று என்று அச்சடித்த புத்தகத்துக்கு இது தெரியாது. அப்பா வந்ததும் காட்டிவிட வேண்டும். அப்பா போய் அம்மாவிடம் சொல்லுவார். அம்மாவும் பிள்ளை பெற்றவள்தானே, இதைப் பார்க்கவாவது வந்துவிடுவாள். என் கணக்கு அப்படி ஓடியது.

அப்பா வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். மடியில் ஏழாவது நூல், காகிதத்தில் மடித்து. நான் டப்பாவை மார்போடு அணைத்துக்கொண்டு கோட்டருகே வந்து சாய்த்துக் காட்டினேன்.

“அப்பா, இங்க பாருங்க. குட்டி போட்டிருக்கு.”

அப்பா நாற்காலியோடு பின்னால் சாய்ந்தார். “ஏலே, பாம்பு! கீழ போடு!”

அத்தை அடுக்களையிலிருந்து ஓடிவந்தாள். பார்த்தாள். “அய்யோ, மண்ணுளி! அது நக்குனா குட்டம் வரும்லே! ஏ தம்பி, பிடுங்கி எறி அத!” இருமலும் கத்தலும் ஒன்றாக வந்தன.

காவல்காரர் கம்போடு வந்தார். அவர் பின்னால் அவருடைய மகள். காவல்காரர் வேகமாக வந்தவர், செங்கல் கோட்டில் வந்து டக்கென்று நின்றார்.

“தம்பி, கீழ வச்சிட்டுத் தள்ளிப் போங்க. நான் பாத்துக்கிடுதேன்.”

“மாட்டேன். அடிச்சிருவீங்க.” டப்பாவோடு கட்டில்வரை பின்வாங்கினேன்.

“அண்ணாச்சி, நீங்க போயி வாங்குங்க.”

அப்பா எழுந்தார். செருப்பைக் கழற்றினார். எதற்குக் கழற்றினாரோ. கோடு வரைக்கும் வந்தார். அவருடைய வலதுகால் பெருவிரல் செங்கல் தூளில் பட்டுச் சிவந்ததை நான் பார்த்தேன். அதற்கு மேல் அது நகரவில்லை. நகர்த்தப் பார்த்தார் என்றுதான் இன்றும் நினைக்கிறேன். பெரியவர்கள் மூன்று பேர், ஒரு கம்பு, பத்துத் தரைக்கல் தூரத்தில் ஒரு சீக்குப் பையன். ஒருவர் என் கையைப் பிடித்திருந்தால் டப்பா அவர்களுடையது. ஒருவரும் வரவில்லை. பாம்பு பிழைத்தது அதனால்தான்.

“தள்ளுங்கய்யா” என்று ஒரு குரல். அவள் தன் அப்பாவின் கைக்குக் கீழே நுழைந்து கோட்டைத் தாண்டி வந்துவிட்டாள். பாவாடையில் சேறு. என் பக்கத்தில் நின்று டப்பாவுக்குள் குனிந்தாள். அவள் தலைமயிரில் விறகுப் புகையும் நல்லெண்ணெயும் மணத்தது. பாம்பைக் கண்டு கை நடுங்கியவள் டப்பாவின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். அவள் விரல் என் விரல்மேல் இருந்தது.

“எத்தன லே?”

“அஞ்சு. தாயோட அஞ்சு.”

அவள் உதட்டை அசைத்து எண்ணினாள். “ஆறு.”

“அஞ்சுட்டி.”

“ஆறுலே, நல்லாப் பாரு. அந்தா…” விரலை நீட்டினாள்.

அதற்குள் அத்தை வீறிட்டாள். “ஏய், அவன்கிட்டப் போயிட்டாளே! ஏட்டி, வெளிய வா! ஒம் பிள்ளையக் கூப்பிடுய்யா!” காவல்காரர் கம்பால் தரையைத் தட்டித் தட்டி மகளைக் கூப்பிட்டார். அவரும் உள்ளே வரவில்லை. அவள் என்னை ஒரு முறை பார்த்தாள். பிறகு போனாள். அவர் அவளுடைய கையைப் பிடிக்காமல், பாவாடை நுனியைக் கம்பால் தள்ளித் தள்ளி அருவிக்குக் கூட்டிக்கொண்டு போனார், தலைமுழுக வைக்க.

நான் டப்பாவோடு படியிறங்கிச் சாரலில் நடந்தேன். யாரும் தடுக்கவில்லை, நான் வர வர எல்லோரும் விலகினார்கள். பலாமரத்தடியில் மண் பொதபொதவென்று இருந்தது. டப்பாவைச் சரித்தேன். பெரியது தலையை மண்ணில் ஊன்றியது. கண்மூடித் திறப்பதற்குள் வாலின் தட்டு மட்டும் தெரிந்தது, பிறகு அதுவும் இல்லை. குட்டிகள் மண்ணோடு மண்ணாக விழுந்தன. எண்ண முயன்றேன். மழைத்தண்ணீர் கண்ணில் விழுந்தது. எண்ண முடியவில்லை.

திரும்பி வந்தபோது அப்பா இன்னும் கோட்டருகிலேயே நின்றார். சாயங்கால பஸ்ஸுக்கு அவர் போகவில்லை. மறுநாள் காலை வாடகைக் கார் வைத்து என்னைப் பாளையங்கோட்டையில் ஒரு பெரிய டாக்டரிடம் கூட்டிப்போனார். அத்தையும் வந்தாள், தாழ்வாரத்தில் பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள்.

டாக்டர் என் முதுகில் கையை வைத்துத் தட்டிப் பார்த்தார். படத்தைப் பார்த்தார். அப்பா எல்லாவற்றையும் சொன்னார், கோடு உட்பட.

“தள்ளி வைக்கச் சொன்னது யாரு?”

“கம்பவுண்டர் சொன்னாரு…”

“சின்னப் பிள்ளைங்களுக்கு வர்ற இது யாருக்கும் ஒட்டாது சார். இவனுக்குத்தான் யாரோ ஒட்ட வச்சிருக்காங்க. வீட்டுல பெரியவங்க யாரு ரொம்ப நாளா இருமிக்கிட்டு இருக்காங்க?”

அப்பா கதவுப்பக்கம் திரும்பினார். வெளியே பெஞ்சில் அத்தை இருமிக்கொண்டிருந்தாள்.

அன்றே தென்காசிக்கு வந்துவிட்டோம். அம்மா வாசலில் தங்கையைத் தோளில் சாய்த்துக்கொண்டு நின்றாள். நான் நிலைப்படியில் நின்று தரையைப் பார்த்தேன். கோடு எங்கே என்று தேடினேன். அம்மாதான் வந்து என்னை இழுத்தாள். தங்கை ஆறாவது நூலை விட நீளமாக இருந்தாள். ஏழாவது நூலை அப்பா பங்களா நாற்காலியிலேயே விட்டுவிட்டார். மற்ற ஆறும் அங்கே என் தலையணைக்கடியிலேயே தங்கிவிட்டன. எதையும் திரும்ப எடுக்கவில்லை.

ஒரு வாரம் கழித்துப் பின்கட்டுக்குப் போனேன். அத்தையின் அறை வாசலில் குறுக்கே ஒரு செங்கல் கோடு. அதை அவளேதான் போட்டிருந்தாள். வீட்டில் யாரும் சொல்லவில்லை. கோட்டுக்கு அப்பால் என் இனாமல் தட்டை வைத்துக்கொண்டு சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். “வராத ராசா, அங்கனயே நில்லு” என்றாள். ஊசிகளில் தேறி அவள் இன்னும் இருபது வருடம் இருந்தாள். கோடு போடுவதை விட்டுவிட்டாள். தட்டை மட்டும் அவள் மாற்றவில்லை.

பங்களாவுக்கு அடுத்த வருடம் போனோம், நன்றி சொல்ல. காவல்காரர் வேலையை விட்டுப் போயிருந்தார். மகளை அந்த ஞாயிறுக்கு மறுநாளே புளியறையில் அவளுடைய சித்தி வீட்டுக்கு அனுப்பிவிட்டதாகச் சொன்னார்கள். அலமாரி காலியாக இருந்தது. தொகுதிகளைப் பிள்ளைகள் பங்கு பிரித்தபோது யாரோ எடுத்துப்போயிருந்தார்கள். இப்போது அந்த இடத்தில் லாட்ஜ். பலாமரம் இருந்த இடத்தில் கார் நிறுத்துகிறார்கள்.

என் மனைவி இருந்தவரை கேட்டுக்கொண்டே இருந்தாள், ஏன் உங்கள் டம்ளரை மட்டும் தனியாகக் கவிழ்த்து வைக்கிறீர்கள் என்று. எனக்கே தெரியாமல் செய்திருக்கிறேன். இப்போது வீட்டில் ஒரே ஒரு டம்ளர்தான். தனியாக வைக்க வேண்டியதில்லை.

பச்சை அட்டைத் தொகுதிகளெல்லாம் இப்போது கைபேசிக்குள் பட்டியலாகிவிட்டன. தேடிப் பார்த்தேன். அந்தப் பாம்பின் பெயர் இரண்டு முறை மாறியிருக்கிறது. ஆனால் அதன் கீழே இருக்கும் விவரம் மாறவில்லை. ஓர் ஆண். ஒன்றே ஒன்று. பட்டியலைப் பராமரிக்கிறவர்களுக்கு எழுதினேன்: பெண்ணைப் பார்த்திருக்கிறேன், வாலடிச் செதில் ஆறு, குட்டி போடுகிறது. மரியாதையாகப் பதில் வந்தது. பதப்படுத்திய உடல் உண்டா? படம் உண்டா? இல்லையென்றால் சேர்க்க இயலாது. அவர்களைக் குறை சொல்ல மாட்டேன். அவர்களுடைய வழக்கம் அது. சீசாவில் இல்லாததை அவர்கள் எண்ணுவதில்லை.

என்னிடம் உடல் இல்லை, படம் இல்லை. உடன் பார்த்தவள் ஒருத்தி உண்டு. அவளுக்கும் இப்போது நம் வயது. புளியறையிலோ, செங்கோட்டையிலோ, மலைக்கு அந்தப்புறமோ, உங்களில் ஒருவருடைய வீட்டிலேயோகூட இருக்கலாம். சின்ன வயதில் குற்றாலத்தில் ஒரு பங்களாவின் பின்சுவரில் உட்கார்ந்து ஒரு சீக்காளியைக் கேலி செய்ததாக யாராவது சொன்னால், எனக்குத் தகவல் அனுப்புங்கள். பட்டியலில் சேர்ப்பதற்காக இல்லை, அவர்கள் சேர்க்கமாட்டார்கள்.

நான் எண்ணியது ஐந்து. அவள் என்னைவிடப் பக்கத்தில் குனிந்து பார்த்தாள், ஆறு என்றாள். நான் தவறாக எண்ணுகிறவன் அல்ல. ஆனால் அவள் விரலை நீட்டினாள். அந்தப் பக்கம் நான் பார்ப்பதற்குள் கூப்பிட்டுவிட்டார்கள். ஆறாவது எங்கே இருந்தது என்று மட்டும் அவளிடம் கேட்டுச் சொல்லுங்கள்.